கம்பனெல்லிஸ் கண்ட முற்றம்

(சங்கத்தின் ஆண்டு விழாவில் ஆற்றிய உரை)



பிறநாட்டுக் கலைஞர் ஒருவரைப் பற்றி இவ்வாண்டு பேசுக எனச் செயலாளர் நம்மைப் பணித்தார். யாரைப் பற்றிப் பேசுவது என்று அவர் சொல்லவில்லை. நாம் கிரேக்க நாட்டுக்குச் சென்றோம். கிரேக்கம் என்றவுடன் ஹோமரும் சாக்ரடீசும் சோபக்ளீசும் நம் நினைவுக்கு வருவர். அவர்களைப் பற்றிப் பேசுவோர் பலர் உளர். நாம் எடுத்துக்கொண்டவர் நம் காலத்தில் வாழ்ந்து 2011-ஆம் ஆண்டு மறைந்தவர்; திரைப்படத்துக்கும் மேடைக்கும் எழுதியவர்; பெயர் இயாகோவோஸ் கம்பனெல்லிஸ். பெயரின் முற்பாதியில் நம் கம்பன் ஒலிக்கின்றான். உறவு ஏதும் இல்லை. வெறும் ஒலி ஒற்றுமையே. ஆயினும், அயல்நாட்டுப் பெயரை நினைவில் இருத்த இதைவிட நல்ல கொழுகொம்பு நமக்கு வேண்டுவதில்லை.

திரைக்கதை எழுதுவோன் நிலை எல்லா நாட்டிலும் ஒன்றன்று. தமிழகத்தில் ஒரு காலம் இருந்தது. 1952-இல் வெளிவந்த 'பராசக்தி'யைக் காணச் சென்றோர், வசனம் எழுதியவர் யார் என்பதை அறிந்தே கொட்டகைக்குள் நுழைந்தனர். வசனப் புத்தகம் தனியே விற்றது. தெருவெங்கும் சிறுவர் அதனை ஒப்பித்தனர். கிரேக்கத்தில் நிலை வேறு. 'ஸ்டெல்லா' என்ற படத்தின் பெயரைச் சொன்னால், உலகத் திரைப்படம் அறிந்தோர் மெலினா மெர்கூரி என்னும் நடிகையை நினைப்பர். மைக்கேல் கக்கோயானிஸ் என்னும் இயக்குநரை நினைப்பர். அப்பெண்ணை முதன்முதலில் மனத்தில் கண்டு தாளில் எழுதியவன் யாவன் என்று கேட்போர் சிலரே. அந்தச் சிலருள் நம் சங்கத்தாரும் சேர வேண்டும் என்பதே நம் ஆசை.

ஈஜியன் கடலில் நாக்ஸோஸ் என்றொரு தீவு. 1920-களின் தொடக்கத்தில் கம்பனெல்லிஸ் அங்கே பிறந்தார். பிள்ளைகள் நிறைந்த வீடு. பிழைப்புத் தேடி 1930-களின் நடுவில் அக்குடும்பம் தலைநகராகிய ஏதென்ஸ் வந்து சேர்ந்தது. பையன் பகலில் வேலை செய்தான். இரவில் தொழிற்பள்ளியில் வரைபடம் வரையக் கற்றான். பெட்டியும் படுக்கையுமாக ஊர் விட்டு வந்து, வந்த இடத்தில் அகப்பட்ட வேலையைப் பற்றிக்கொண்ட குடும்பங்களின் பிள்ளைகள் நாம். அந்தப் பையனை நாம் அறிவோம்.

பின்னர்ப் போர் வந்தது. ஜெர்மானியப் படை கிரேக்கத்தைக் கைப்பற்றியது. 1941-42 குளிர்காலத்தில் ஏதென்ஸ் தெருக்களில் மக்கள் பசியால் விழுந்து மாண்டனர். இளைஞராகிய கம்பனெல்லிஸ் நாட்டை விட்டுத் தப்பிச் செல்ல முயன்றார். ஆஸ்திரியா வழியாகச் சுவிட்சர்லாந்தை எட்டிவிடலாம் என்பது எண்ணம். வழியில் அகப்பட்டார். 1943-இல் அவரை மௌட்ஹவுசன் என்னும் வதைமுகாமுக்கு அனுப்பினர்.

அம்முகாம் டான்யூப் ஆற்றுக்கு அருகே, லின்ஸ் நகரை அடுத்து இருந்தது. அதனை ஒட்டி ஒரு கருங்கல் குவாரி. குவாரியின் அடியிலிருந்து மேலே வருவதற்கு 186 படிகள். கைதிகள் கல்லைச் சுமந்துகொண்டு அப்படிகளில் ஏறுதல் வேண்டும். தளர்ந்து விழுந்தவன் தனக்குப் பின்னே வருவோரையும் உருட்டிக்கொண்டு வீழ்வான். அம்முகாமிலும் அதன் கிளை முகாம்களிலும் அடைபட்டோர் ஏறத்தாழ 1,90,000 பேர். அவர்களுள் மாண்டோர் 90,000 பேருக்குக் குறையார். அங்கே மனிதனுக்குப் பெயர் இல்லை. எண் மட்டும் உண்டு. இந்த ஒரு செய்தியை அவையோர் மனத்தில் இருத்துக. இனி நாம் சொல்லப்போவது எல்லாம் இதனைச் சுற்றியே வரும்.

1945 மே 5-ஆம் நாள் அமெரிக்கப் படையினர் வந்து அம்முகாமை விடுவித்தனர். கம்பனெல்லிஸ் உடனே வீடு திரும்பவில்லை. பாலஸ்தீனம் செல்லக் கப்பலுக்கும் அனுமதிக்கும் காத்துக் கிடந்த யூதர்களுக்குத் துணையாக, விடுதலை பெற்ற பின்னரும், அவ்விடத்திலேயே தங்கினார். சிறைக் கதவு திறந்த பின்பு சிறையிலேயே மேலும் சில காலம் இருக்க எத்தனை பேர் இசைவர்?

ஏதென்ஸ் திரும்பிய அவர், அக்குளிர்காலத்தில் கரோலோஸ் கூன் என்பாரின் 'கலை அரங்கு' நடத்திய நாடகம் ஒன்றைக் கண்டார். அன்றே வாழ்வின் திசை மாறியது. நடிகராக வேண்டும் என விரும்பினார். ஆனால் நடிப்புப் பள்ளியில் சேர உயர்நிலைப் பள்ளிச் சான்றிதழ் வேண்டும். இரவுப் பள்ளியில் கோடு கிழிக்கக் கற்றவரிடம் அது ஏது? கதவு சாத்தப்பட்டது. மேடையில் ஏற வழியில்லையேல் மேடைக்கு எழுதுவோம் என்று பேனாவை எடுத்தார். 1950-இல் அவருடைய முதல் நாடகம் மேடை கண்டது. ஒரு தாள் இல்லாமையால் ஒரு நாடு ஒரு நடிகனை இழந்து, ஓர் ஆசிரியனைப் பெற்றது. இலாபம் நாட்டுக்கே என்பது நம் கணக்கு.

மேடைக்கு என அவர் எழுதியதே 'சிவப்புக் கையுறை அணிந்த ஸ்டெல்லா' என்னும் நாடகம். அது மேடை ஏறுமுன் திரை ஏறிவிட்டது. கக்கோயானிஸ் அதனைப் படமாக்கினார். 1955-இல் 'ஸ்டெல்லா' என்ற பெயரோடு வெளிவந்தது. அவ்வாண்டே கான் விழாவிலும் காட்டப்பட்டது. மெலினா மெர்கூரிக்கு அதுவே முதற் படம். மனோஸ் ஹட்ஜிடாக்கிஸ் இசை அமைத்தார். ஸ்டெல்லா ஒரு மதுக்கடைப் பாடகி. அவள் ஒருவனைக் காதலிக்கிறாள். ஆனால் மணம் செய்துகொள்ள மறுக்கிறாள். மணம் என்பது தன்னை ஒரு வீட்டுக்குள் வைத்துப் பூட்டுவது என அவள் எண்ணுகிறாள். மணநாளன்று மணமகன் காத்திருக்க அவள் வரவில்லை. இறுதியில் விடியற்போதில், கத்தியோடு நிற்பவனை நோக்கி, ஒதுங்கிப் போகாமல், நேரே நடந்து செல்கிறாள்.

அக்காலத்து நம் படங்களில் இத்தகைய பெண் கடைசிச் சுருளில் மனம் திருந்திப் பெரியோர் காலில் விழுவாள். கம்பனெல்லிஸ் அவளைத் திருத்தவுமில்லை, தூற்றவுமில்லை. அவள் செய்தது சரி என்று நம்மை ஒப்புக்கொள்ளச் செய்வதும் அவர் நோக்கமன்று. அவளுக்கு ஒரு சொல் இருந்தது, அச்சொல்லை அவள் விற்கவில்லை, அவ்வளவே. படம் அமெரிக்காவில் 'தங்க உருண்டை'ப் பரிசும் பெற்றது. மெர்கூரி புகழ் பெற்றார். 1981-இல் நாட்டின் பண்பாட்டு அமைச்சரும் ஆனார்.

ஆயினும் கம்பனெல்லிசின் திரைப்பணியில் நாம் தலையாயதாகக் கருதுவது 'ஸ்டெல்லா' அன்று. அதற்கு அடுத்த ஆண்டு, 1956-இல், வெளிவந்த 'த்ராக்கோஸ்' என்னும் படமே. அச்சொல்லுக்கு அரக்கன் என்று பொருள் கொள்ளலாம். இயக்கியவர் நிக்கோஸ் கூந்தூரோஸ். கதை முழுதும் கம்பனெல்லிசினுடையது. கதையைச் சற்று விரித்தே சொல்ல வேண்டும்.

தோமாஸ் என்பவன் ஒரு வங்கிக் குமாஸ்தா. மூக்குக் கண்ணாடி அணிந்த சாதுவான மனிதன். மனைவி இல்லை, மக்கள் இல்லை, நண்பர் இல்லை. ஆண்டின் இறுதி நாள் மாலை. எல்லோரும் கொண்டாட வீடு செல்கின்றனர். இவனை அழைப்பார் ஒருவரும் இல்லை. அப்போது செய்தித்தாளில் ஒரு படம். போலீசார் தேடும் கொடிய குற்றவாளி. மக்கள் அவனுக்கு இட்ட பெயர் அரக்கன். முகமோ தோமாசின் முகத்தை உரித்து வைத்தாற்போல் இருக்கிறது. காண்போர் கூவுகின்றனர், காவலர் துரத்துகின்றனர். ஓடிய குமாஸ்தா ஒரு நடன விடுதிக்குள் புகுகின்றான். அது கள்ளர்களின் இருப்பிடம். அவர்களும் இவனை அரக்கன் என்றே நம்புகின்றனர். ஆனால் அவர்கள் துரத்தவில்லை. எழுந்து நின்று இடம் விடுகின்றனர்!

இங்கேதான் ஆசிரியனின் கை தெரிகின்றது. 'நான் அவன் அல்லேன்' என்று தோமாஸ் ஏன் சொல்லவில்லை? அச்சம் மட்டும் காரணமாயின் கதை வெறும் ஆள்மாறாட்டக் கேலிக்கூத்து ஆகியிருக்கும். வேடத்துக்கு எடுத்தவரும் டினோஸ் இலியோபூலோஸ். நகைச்சுவைக்குப் பெயர் பெற்றவர். மக்களும் சிரிக்கவே வந்திருப்பர். காரணம் வேறு. வாழ்நாளில் முதன்முறையாக ஒருவர் அவனை நிமிர்ந்து பார்க்கின்றார். ஒரு பெண் அவனிடம் அன்பு காட்டுகின்றாள். ஆண்டெல்லாம் பேரேட்டில் எண் எழுதிய மனிதன், பொய்யான பெயர் ஒன்றினால் ஆள் ஆகின்றான். அந்தப் பொய்யை விட்டுவிட அவனுக்கு மனம் வரவில்லை. கள்ளர் கூட்டமோ பழைய கோயில் ஒன்றின் கல்தூணைக் களவாடி அயல்நாட்டாருக்கு விற்கத் திட்டமிடுகின்றது. இவனே தலைவன் என்று எதிர்பார்க்கின்றது. இவன் அரக்கன் அல்லன் என்பது வெளிப்படும்போது, அவனைக் கொல்வோர் காவலர் அல்லர்; அவனைத் தலைமேல் வைத்துக் கொண்டாடியவர்களே கொல்கின்றனர். அவர்கள் நம்பியதைப் பொய்யாக்கிவிட்டான் அல்லவா!

படம் தோற்றது. கொட்டகைகள் காலியாயின. அந்நாளைய பத்திரிகைகளில் வலதுசாரியினரும் தாக்கினர், இடதுசாரியினரும் தாக்கினர். நாட்டை இழிவாகக் காட்டுகின்றான் என்றனர் ஒரு சாரார். போராடும் மக்களைக் காட்டாமல் கள்ளரைக் காட்டுகின்றான் என்றனர் மறு சாரார். 1940-களின் பிற்பகுதியில் உள்நாட்டுப் போர் கண்ட நாடு அது. அண்டை வீட்டாரே ஒருவரையொருவர் காட்டிக்கொடுத்த காலம் அப்போதுதான் கழிந்திருந்தது. ஒருவன் முகத்தைப் பார்த்து இவன் இன்னான் என ஊர் முத்திரை குத்திவிடும் கதையை அம்மக்களால் இருந்து பார்க்க இயலவில்லை போலும். பின்னர்க் காலம் மாறிற்று. கிரேக்கத் திரை விமரிசகர்கள் தம் நாட்டின் தலைசிறந்த படங்களை வரிசைப்படுத்தியபோதெல்லாம் இதனை முன்வரிசையில் வைத்தனர்.

முகாமில் பெயர் பறிக்கப்பட்டு எண் சூட்டப்பெற்ற ஒருவர், பதினோர் ஆண்டுகள் கழித்து, பெயர் மாறிப்போன குமாஸ்தாவின் கதையை எழுதினார். இவ்விரண்டையும் முடிச்சிடுவது நம் துணிபே. ஆயினும் பிறரால் குறி இடப்பெற்று வாழ்தல் எத்தகையது என்பதை ஏட்டில் படித்து அறிந்தவரின் எழுத்து அன்று அது.

1957-இல் அவர் மேடைக்கு ஒரு நாடகம் தந்தார்: 'அற்புதங்களின் முற்றம்'. முன்பு யாருடைய நாடகத்தைக் கண்டு மனம் மாறினாரோ, அந்தக் கரோலோஸ் கூனே ஏதென்ஸ் நகரின் நிலவறை அரங்கில் அதனை நடத்தினார். நம் தாய்மார்களுக்கு இந்நாடகத்தை விளக்க நீண்ட உரை வேண்டா. ஒண்டுக்குடித்தனம் என்ற ஒரு சொல் போதும். நடுவே ஒரு முற்றம், சுற்றிலும் சிற்றறைகள், அறைக்கு ஒரு குடும்பம். ஒருவர் வீட்டுச் சண்டை எல்லோர் காதிலும் விழும். ஒருவர் வீட்டு விருந்து எல்லோர் மூக்கிலும் ஏறும்.

அம்முற்றத்தில் இருப்போர் யாவர்? ஒருவர் சிறிய ஆசியாவிலிருந்து அகதியாக வந்தவர். 1922-இல் அங்கே கிரேக்கர் தோல்வியுற்றபின், சுமார் 12 இலட்சம் பேர் தம் ஊரும் வீடும் விட்டுக் கிரேக்கம் வந்தனர். வந்த இடத்தில் அவர்களை அயலாராகவே நெடுநாள் பார்த்தனர். இன்னொரு குடும்பம் ஆஸ்திரேலியா சென்றால் பிழைக்கலாம் எனக் கனவு காண்கின்றது. ஒருவன் சூதாட்டத்தில் ஒரு நாள் எல்லாம் மாறிவிடும் என்று நம்புகின்றான். எல்லோரும் நாளை வரும் ஓர் அற்புதத்துக்குக் காத்திருக்கின்றனர்; அதனால்தான் அப்பெயர். வருவதோ அற்புதம் அன்று. அந்நாளைய ஏதென்சில் நிலத்துக்காரர் மனையைக் கட்டடக்காரரிடம் கொடுத்து, அதற்கு ஈடாக அடுக்கு மாடியில் சில வீடுகளைப் பெறும் வழக்கம் பரவி வந்தது. பழைய வீடுகள் தெருத் தெருவாக இடிந்தன. முற்றமும் கைமாறுகின்றது. குடியிருப்போர் சாமான்களைத் தூக்கிக்கொண்டு வெளியேறுகின்றனர்.

இந்நாடகத்தில் கெட்டவன் ஒருவனும் இல்லை என்பது நோக்கத்தக்கது. வீட்டை இடிப்பவன் அரக்கன் அல்லன். அவனுக்கும் கணக்கு இருக்கின்றது. கால் ஊன்ற நிலம் இல்லாதவர்மேல் எல்லாக் கணக்கும் வந்து விழுகின்றது. நாடகம் மேடையேறி மூன்றாம் ஆண்டில், 1960-இல், கிரேக்கம் மேற்கு ஜெர்மனியோடு தொழிலாளர் ஒப்பந்தம் ஒன்று செய்துகொண்டது. இலட்சக்கணக்கான இளைஞர் இரயில் ஏறினர். முற்றத்துக் கனவு அரசாங்கத் திட்டமாயிற்று!

குடியேறிய சமூகத்தில் இருந்துகொண்டு இந்நாடகத்தைப் படிக்கும்போது நம் மனம் ஓரிடத்தில் நின்றுவிடுகின்றது. அகதியாக வந்த அம்முதியவர், வீடு கைமாறுவதற்கு முன்பே வீட்டை இழந்தவர். இரண்டாம் முறை இழப்பவர்க்கு அழுகை வராது. மூட்டை கட்டும் கை மட்டும் விரைந்து இயங்கும். காலனியில் வாடகை வீடு மாறியோர் இதனை அறிவர். மேலும் சொல்லப் புகின் அவையில் கண்கள் கலங்கும், நிறுத்திக்கொள்கின்றோம்.

முகாமின் நினைவுகளை அவர் நெடுங்காலம் மனத்தில் சுமந்தார். 1960-களில் 'மௌட்ஹவுசன்' என்னும் நூலாக அவை வெளிவந்தன. அதனோடு நான்கு பாடல்களும் எழுதினார். மிக்கிஸ் தியோடராக்கிஸ் 1965-இல் அவற்றுக்கு இசையமைத்தார். பாடியவர் அப்போது இருபது வயதுகூட நிரம்பாத மரியா ஃபராந்தூரி. அவற்றுள் ஒன்று அந்தோனிஸ் என்னும் கைதியைப் பற்றியது. நாம் முன்பு சொன்ன படிகளில் அது நிகழ்கின்றது. கல்லோடு ஏற மாட்டாத ஒரு யூதன் துணை வேண்டுகின்றான். அங்கே இரக்கம் காட்டுதலும் குற்றம். யூதன் படியில் சாய்கின்றான். காவலன் அந்தோனிசை அழைத்து, இருமடங்குக் கல்லைச் சுமக்குமாறு பணிக்கின்றான். அந்தோனிஸ் கெஞ்சவில்லை. இரண்டும் சுமப்பேன், மூன்றும் சுமப்பேன் என்று கூறித் தன் பெயரை உரக்கச் சொல்கின்றான். எண் இட்டவனிடம் பெயரைச் சொல்வதே அங்கே போர்! 1988-இல் அம்முகாம் இருந்த இடத்திலேயே தியோடராக்கிசும் ஃபராந்தூரியும் அப்பாடல்களை இசைத்தனர்.

1967 முதல் 1974 வரை கிரேக்கம் இராணுவ அதிகாரிகளின் ஆட்சியில் சிக்கியது. தணிக்கை கடுமை. 1973 கோடையில் கம்பனெல்லிஸ் 'நம் பெரிய சர்க்கஸ்' என்னும் நாடகத்தை எழுதி அளித்தார். ஜென்னி கரேஸியும் அவர் கணவர் கோஸ்தாஸ் கஸாக்கோசும் அதனை நடத்தினர். நாட்டின் பழைய வரலாற்றைக் கோமாளிக் கூத்தாகக் காட்டுவது போல் காட்டினர், பார்த்தவர்க்கு நடப்பு ஆட்சி புரிந்தது, கூட்டம் திரண்டது. நவம்பரில் மாணவர் கிளர்ச்சி எழுந்தது. கரேஸி சிறை வைக்கப்பட்டார். நாடகம் ஆடிய குற்றத்துக்காகச் சிறை சென்றவர்கள் நம் நாட்டிலும் உண்டு. ஆதலின் இதனை விரிக்கவில்லை.

1980-களில் அவர் கிரேக்க அரசு வானொலியின் பொறுப்பை ஏற்றிருந்தார். பின்னர் ஏதென்ஸ் கலைக்கழகம் அவரைத் தன் உறுப்பினராக ஏற்றுக்கொண்டது. பள்ளிச் சான்றிதழ் இல்லை என்று ஒரு வாயிலில் திருப்பி அனுப்பப்பட்டவர், நாட்டின் தலைமை அறிஞர் அவையின் வாயிலில் வரவேற்கப்பட்டார். அதற்குள் ஐம்பது ஆண்டுகள் கடந்துவிட்டன. முதுமையிலும் எழுதினார். 'ஓரெஸ்தேசுக்கு ஒரு கடிதம்' என்னும் சிறு நாடகத்தில், பழைய காவியம் கொலைகாரி என்று முத்திரையிட்ட கிளைதெம்னெஸ்திராவைத் தன் மகனுக்குத் தானே எழுதச் செய்தார். மூவாயிரம் ஆண்டுகளாகப் பிறர் சொல்லக் கேட்ட கதையை அவள் வாயால் கேட்க வேண்டும் என்று அவருக்குத் தோன்றிற்று. ஸ்டெல்லாவை எழுதிய கை அது. வேறு எவ்வாறு எழுதும்?

2011 மார்ச் 29-ஆம் நாள் அவர் ஏதென்சில் காலமானார்.

நம் சங்கத்து நாடகத்துக்கு அடித்த துண்டுப் பிரசுரம் நம் கையில் இருக்கின்றது. நடிப்போர் பெயர்கள் பெரிய எழுத்தில் உள்ளன. காட்சி அமைப்பு, ஒலிபெருக்கி, சிற்றுண்டி உபயம் யாவும் முறையே உள்ளன. எழுதியவர் பெயரைத் தேடினோம், காணோம். செயலாளர் அச்சகத்தாரைச் சுட்டுகின்றார். அச்சகத்தார் யாரைச் சுட்டுவரோ அறியோம். அவர் நம் காலனியைச் சேர்ந்தவரே; மூன்றாம் வரிசையில் குழந்தையை மடியில் வைத்துக்கொண்டு அமர்ந்திருக்கின்றார். திரை உயருமுன் தலைவர் அவர்கள் அவர் பெயரை ஒலிபெருக்கியில் ஒருமுறை சொல்ல வேண்டும் எனக் கேட்டுக்கொள்கின்றோம். ஒப்பனை போட்டவர்கள் வேர்வையோடு காத்திருக்கின்றனர்.